பூஜ்ஜியப் பிரதி

விளக்குகள் அணைந்ததும் சதோமி முதலில் செய்த காரியம், கறுப்பு ஷூ இரண்டையும் குதிகாலிலிருந்து மெல்ல நழுவவிட்டதுதான். விசேஷ நாட்களுக்கென்று வாங்கிய ஷூ. வருஷம் முழுக்க அலமாரியில் அடைந்து கிடந்த கோபத்தை எல்லாம் வெளியே வருகிற ஒரே நாளில் காட்டிவிடும். இருட்டுதானே, யார் பார்க்கப்போகிறார்கள். டோக்கியோவின் மேற்கு ஓரத்தில் படச்சுருள் கழுவும் ஒரு லேபின் மாடி, நாற்பது பேர் உட்காரக்கூடிய சின்னத் திரையரங்கு, காலை நேரம். எடுத்து முடித்த படத்தை வெளியாள் ஒருவருக்கும் காட்டாமல், எடுத்தவர்களே உட்கார்ந்து பார்த்துக்கொள்ளும் முதல் காட்சி. ஜப்பானிய சினிமாக்காரர்கள் இதைப் பூஜ்ஜியப் பிரதி என்பார்கள். ஒன்று என்று எண்ணத் தொடங்குவதற்கு முன்னால் வருவது. இன்னும் எதை வேண்டுமானாலும் மாற்றலாம் என்று அதற்கு அர்த்தம். யாரும் எதையும் மாற்றப்போவதில்லை என்பது நடைமுறை. ஒளிப்பதிவாளர் நிறம் பார்ப்பார். ஒலிக்காரர் கண்ணை மூடிக்கொண்டு படம் பார்ப்பார். திரைக்கதை எழுதியவள் என்ன பார்க்க வேண்டும் என்று மட்டும் இத்தனை வருஷத்தில் யாரும் சொன்னதில்லை. அதனால் அவள் எப்போதும் கதவோரத்து நாற்காலியில் உட்கார்ந்து, முடிந்ததும் எல்லோருக்கும் தலைவணங்கி, முதல் ஆளாக வெளியே போய்விடுவாள். முன்வரிசையில் யாரோ மூக்கை உறிஞ்சினார்கள். படம் இன்னும் ஆரம்பிக்கவே இல்லையே என்று ஒரு கணம் திகைத்தாள். மார்ச் மாதம் அல்லவா. சுகி மரங்களின் மகரந்தம் பறக்கிற பருவம், ஊரில் பாதிப் பேருக்கு மூக்கு ஒழுகும். இந்த மாதத்தில் படம் போட்டுக் காட்டி, யாராவது விசும்பினால் நம் எழுத்துக்குத்தான் அழுகிறார்கள் என்று நம்பிவிடுவது போன்ற அசட்டுத்தனம் வேறு இல்லை.

திரையில் கடல் வந்தது, பிறகு பெயர்கள் வந்தன. திரைக்கதை: மினேகிஷி சதோமி. வந்தது, நின்றது, போனது. மினேகிஷி குடும்பப் பெயர், படத்துறையில் எல்லோரும் அவளை மரியாதையாக மினேகிஷி-சான் என்றுதான் கூப்பிடுவார்கள். சதோமி என்று கூப்பிட உலகத்தில் மிச்சமிருப்பது ஒரே ஆள், யொனாகோவில் இருக்கிற அப்பா. அவர் அவளுடைய ஒவ்வொரு படத்தையும் ஊர் தியேட்டரில் முதல் வாரமே பார்த்துவிடுவார். பார்த்துவிட்டு போன் செய்வார். படம் எப்படி என்று சொல்லமாட்டார். "உன் பேர் இடது பக்கம் வந்தது" என்பார். அல்லது, "இந்தத் தடவை எழுத்து கொஞ்சம் பெரிசு." ஒருமுறை, அது ஒரு பள்ளிக்கூடக் காதல் படம், நெடுநெடுவென்று வளர்ந்த பையன் ஒரு பெண்ணைச் சுவரோரம் மறித்துக் கையை ஊன்றி நிற்பது அதில் மூன்று இடத்தில் வரும், அதைப் பார்த்துவிட்டு அப்பா வழக்கம்போலப் பெயர் வந்த பக்கத்தைச் சொன்னார். அப்புறம் கேட்டார்: "சதோமி, அதுல நீ எழுதினது எது?" குத்திக்காட்டக் கேட்டதில்லை. கேலி செய்யத் தெரிந்த மனுஷரும் இல்லை அவர். தெரிந்துகொள்ளத்தான் கேட்டார், அடுத்த முறை பார்க்கும்போது அந்த இடத்தில் கொஞ்சம் கவனமாகப் பார்க்கலாமே என்று. சுவரில் கையூன்றும் பையன் மூலக் கதைப் புத்தகத்திலிருந்து வந்தவன். அந்தப் பெண்ணின் பூனை, விளம்பரம் கொடுத்தவர்களுக்காக வந்தது. கடைசியில் வருகிற மழை, நடிகையின் நிறுவனம் கேட்டது. இடையிடையே "ம்", "என்ன?", "ஒண்ணுமில்ல" என்று வருமே, அதெல்லாம் நான் எழுதினதுப்பா என்றா சொல்ல முடியும்? "எல்லாம் கலந்து கலந்து வரும்பா" என்று சொல்லி வைத்துவிட்டாள். சமையலைப் பற்றிப் பேசுவதுபோல இருந்தது. அந்தக் கேள்வி அன்றைக்கு உள்ளே போய் உட்கார்ந்ததுதான். பல் இடுக்கில் சிக்கிய நார் மாதிரி, நாக்கு தானாகத் தேடித் தேடி அங்கேயே போகிறது.

படம் நடந்துகொண்டிருந்தது. நன்றாகத்தான் இருந்தது, அதைச் சொல்லிவிட வேண்டும். துறைமுக ஊர் ஒன்றில் காசு போட்டால் ஓடுகிற சலவை இயந்திரக் கடை, அதை நடத்தும் கிழவர், மணமுறிவோடு திரும்பி வரும் மகள், இருவரும் ஒரே கூரையின் கீழ் ஒரு குளிர்காலம் முழுக்கப் பேசாமல் இருப்பது, பிறகு அவள் வடக்கே வேலை கிடைத்துக் கப்பலேறிப் போவது. அவ்வளவுதான். யாருடைய நாவலும் இல்லை, யாருடைய படக்கதையும் இல்லை, நாற்பத்தாறு வயதில் மினேகிஷி சதோமி தன் தலையிலிருந்து எடுத்து எழுதிய முதல் கதை. அதற்கு முன்னால் எழுதியதெல்லாம் அடுத்தவர் தலை. கல்லூரி முடித்த புதிதில், படமாகாத படங்களுக்குக் கதைச் சுருக்கம் எழுதிக் கொடுத்தாள், பெயர் கிடையாது. பிறகு நள்ளிரவுத் தொலைக்காட்சித் தொடர்கள். பிறகு பள்ளிக்கூடக் காதல்கள். தயாரிப்புக் குழுக் கூட்டம் என்று ஒன்று நடக்கும். நீள மேஜை, அந்தப் பக்கம் ஏழெட்டுப் பேர், ஒவ்வொருவரும் ஒவ்வொரு நிறுவனம், ஒவ்வொருவருக்கும் ஒரு கவலை, இந்தப் பக்கம் அவள் மட்டும், கையில் பென்சில். ரசிகர்கள் கோபித்துக்கொள்வார்கள், மினேகிஷி-சான். சரிங்க. அப்பா பாத்திரத்தைக் கொஞ்சம் இளமையாக்கலாமா? சரிங்க. இந்த அம்மா செத்துப் போனால் இன்னும் நன்றாக இருக்குமோ? சரிங்க. எத்தனை அம்மாக்களைக் கொன்றிருப்பாள், எத்தனை பேரை அடுத்த திருத்தத்தில் உயிர்ப்பித்திருப்பாள். வேலை சுத்தம், வேகம், முகம் சுளிக்கமாட்டாள், திங்கட்கிழமை கேட்டால் ஞாயிற்றுக்கிழமையே அனுப்பிவிடுவாள் என்று பெயர் வாங்கினாள். அதுவும் ஒரு பெயர்தான். ஆனால் அது திரையில் இடது பக்கம் வருவதில்லை. திரையில் கிழவர் ஒரு இயந்திரத்தின் கதவைத் திறந்து உள்ளே தலையை விட்டு ஒற்றைக் காலுறையை எடுத்தார். ததோகொரோ எய்சாகு, எழுபது தாண்டிய நடிகர், காலுறையை மோந்து பார்த்துவிட்டு உதறி மடித்தார். மோந்து பார்ப்பதை அவள் எழுதவில்லை. நான் எழுதியிருக்க வேண்டும் என்று நினைத்தாள், பொறாமையே இல்லாமல், சந்தோஷமாகத்தான் நினைத்தாள். இருட்டில் சிரித்தும்விட்டாள்.

ஆனால் அது வந்துகொண்டிருந்தது. கப்பல்துறைக் காட்சி. அதை நினைத்து நாற்காலியில் முன்னால் நகர்ந்து உட்கார்ந்தாள். பயமா பெருமையா என்று பிரித்துப் பார்த்தாள், பிரிக்க வரவில்லை. மகள் கப்பலேறும்முன் கிழவர் சொல்லும் ஒரே வசனம். படம் முழுக்க வாய் திறக்காதவர் கடைசியில் திறக்கிறார் என்றால் அந்த வசனம் என்னவாக இருக்க வேண்டும்! அதற்காக அவளை டப்பாவில் அடைத்தார்கள். நிஜ டப்பா இல்லை, எழுத்து முடியும்வரை எழுத்தாளரை ஒரு விடுதியில் அறை போட்டு உட்காரவைத்துவிடுவதற்கு இந்தத் தொழிலில் அப்படித்தான் பெயர், மீனை டப்பாவில் அடைப்பதற்குச் சொல்கிற அதே சொல். வெந்நீர் ஊற்று இருக்கிற மலையூர், ஜன்னலில் மூங்கில், மூன்று வேளைச் சாப்பாடு அறைக்கே வரும், ஒரு வாரம், ஒரு வசனம். முதல் நாளே படத்தயாரிப்புக் குழுவின் தலைவர் குஜிராய் போன் செய்தார், விளம்பர நிறுவனத்துக்காரர். "அந்த இடம் மட்டும் நெஞ்சைப் பிடிச்சு உலுக்கணும், மினேகிஷி-சான். போஸ்டர்ல போடற மாதிரி." சரிங்க. எழுதினாள், அடித்தாள், ஊற்றில் போய்க் கழுத்துவரை முங்கினாள், வந்து எழுதினாள், அடித்தாள். கடைசியில் வந்தது: அலை எவ்வளவு தூரம் போனாலும், கரை அங்கேயேதான் இருக்கும். குஜிராய் போனிலேயே அதை இரண்டு தரம் திருப்பிச் சொல்லிப் பார்த்தார். போஸ்டரிலும் போட்டார், நீல நிறத்தில், கடலுக்கு மேலே. ரயில் நிலையங்களில் இப்போதே ஒட்டியாயிற்று. நேற்று அவளே ஒன்றின் முன்னால் நின்று, தெரியாத ஒரு பெண் அதை வாய்விட்டுப் படிப்பதைக் கேட்டாள். காது சூடானது. ஆக, நான் எழுதியது எது என்று இனி சொல்லிவிடலாம்.

அந்த வசனம் வருவதற்கு முன்னால் அந்த இடம் சும்மா இருக்கவில்லை. முதல் பிரதியில் அங்கே வேறொன்று இருந்தது, இருந்தது என்று சொல்வதுகூட அதற்குக் கௌரவம். ஆடுகிற மேஜைக் காலுக்கு அடியில் காகிதத்தை மடித்து வைப்பதுபோல, நல்லது கிடைக்கும்வரை இருக்கட்டும் என்று வாய்க்கு வந்ததை எழுதி வைத்தாள். ஷூ நனைஞ்சா டிரையர்ல போடாதே. உள்ளே பேப்பர் திணிச்சு வை. சலவைக் கடைக்காரர் ஆயிற்றே, டிரையர் என்று சேர்த்துக்கொண்டாள். மற்றது அப்பாவுடையது. யொனாகோ ஸ்டேஷன் வாசலில், பதினெட்டு வயதில், டோக்கியோவுக்குப் போகும் இரவுப் பேருந்துக்கு நின்றபோது தூறிக்கொண்டிருந்தது. அவள் காலில் அன்று வாங்கிய வெள்ளை கேன்வாஸ் ஷூ. அப்பா கார் ஓட்டக் கற்றுக்கொடுக்கும் பள்ளியில் ஆசிரியர். ஊரில் பாதிப் பேருக்கு அவர்தான் கற்றுக்கொடுத்தார். நாள் முழுக்கப் பக்கத்து இருக்கையிலிருந்து "பிரேக், பிரேக்" என்று சொல்லிச் சொல்லிச் சொற்கள் தீர்ந்துபோய் வீட்டுக்கு வருவார். அன்றைக்காவது ஏதாவது சொல்வார் என்று நின்றாள். தைரியமாக இரு, அல்லது போகாதே, அல்லது அம்மா இருந்திருந்தால், ஏதோ ஒன்று. அவர் அவள் காலைப் பார்த்தார். "ஷூ நனைஞ்சா வெயில்ல வைக்காதே" என்றார். "உள்ளே பேப்பர் திணிச்சு வை." இதற்காகவா நின்றேன் என்று ஆத்திரத்தோடு ஏறி உட்கார்ந்தாள். பேருந்து நகர்ந்தபோது ஜன்னல் வழியாகப் பார்த்தாள். கையசைக்கவில்லை அவர். குடையைப் பிடித்துக்கொண்டு நேராக நின்றார், வலது கால் மட்டும் தரையை ஒருமுறை அழுத்தியது. பயிற்சிக் காரில் ஆசிரியர் பக்கமும் ஒரு பிரேக் இருக்கும். மாணவன் தடுமாறினால் அவர் அழுத்துவார். பழக்கதோஷம், சினிமாவில் கார் வேகமாகப் போனால்கூட அந்தக் கால் அழுத்தும். அப்படித்தான் அன்று நினைத்தாள். பழக்கதோஷம் என்று. எத்தனையோ வருஷம் கழித்து ஒரு மத்தியானம், பல் தேய்த்துக்கொண்டிருந்தபோது, அவர் நிறுத்தப் பார்த்தது அந்தப் பேருந்தை என்று புரிந்து, குழாயை மூட மறந்து நின்றாள்.

அதெல்லாம் சரி, அதை யார் படத்தில் வைப்பார்கள்? மூத்த நடிகர் ஒருவர், கடைசிக் காட்சியில், ஷூவுக்குள் பேப்பர் திணி என்பதா? நல்ல வசனம் கிடைத்ததும் மாற்றுப் பக்கம் அச்சடித்து எல்லோருக்கும் அனுப்பினார்கள். ததோகொரோ-சானுக்கும் போனது. ஆனால் அவர் பழைய காலத்து ஆள், முதலில் கையில் கொடுத்த பிரதியை மனப்பாடம் செய்து முடித்துவிட்டுத்தான் ஊரிலிருந்தே கிளம்புவார், நடுவில் வருகிற தாள்களை மரியாதையாக வாங்கி மரியாதையாக வைத்துவிடுவார். படப்பிடிப்பு முடிந்த விருந்தில் ஹொசோயா-சான் சொல்லித்தான் இது தெரியும், காட்சிகளுக்கிடையே தொடர்ச்சி பார்க்கிற பெண்மணி, பீர் உள்ளே போனால் சிரிப்பு நிற்காது அவருக்கு. "கப்பல்துறையில முதல் டேக். எல்லாரும் மூச்சைப் பிடிச்சுக்கிட்டு நிக்கிறோம். தாத்தா மகளைப் பார்க்கிறார், பார்க்கிறார், ஷூ நனைஞ்சா டிரையர்ல போடாதேங்கிறார்! அவ்வளவுதான், விளக்குக்காரர் உட்பட எல்லாரும் சிரிச்சுட்டோம். டைரக்டர் முகாய்-சான் கட் சொல்லிட்டார். தாத்தா பாவம், எல்லாருக்கும் குனிஞ்சு குனிஞ்சு மன்னிப்புக் கேட்டார்." மேஜையே சிரித்தது. சதோமியும் சிரித்தாள். சிரித்துக்கொண்டே, வீட்டு உள்பாவாடை கொடியில் தொங்குவதை ஊரே பார்த்துவிட்டதுபோலக் கூசினாள். கேவலம், வேறு எதையாவது எழுதி வைத்திருக்கக் கூடாதா. அப்பாவை மேஜைக் காலுக்கு அடியில் வைத்தது யார்? நீதானே. அப்புறம் ஏன் கூச்சம், ஏன் கோபம், எல்லோரோடும் சேர்ந்து சிரித்தது எதற்கு.

வந்துவிட்டது. சாம்பல் நிறக் காலை, கப்பல்துறை, தூறல், பெட்டியோடு மகள், எதிரே கிழவர். சதோமி நாற்காலியின் கைப்பிடியைப் பிடித்துக்கொண்டாள். கிழவரின் முகம் திரை முழுக்க வந்தது. எவ்வளவு நல்ல முகம். ஒரு குளிர்காலத்தை அந்தத் தாடைக்குள் வைத்திருந்தார். உதடு பிரிந்தது. "அலை எவ்வளவு தூரம் போனாலும், கரை அங்கேயேதான் இருக்கும்." தெளிவான உச்சரிப்பு, சரியான இடத்தில் நிறுத்தம், ஒரு எழுத்து குறையவில்லை. மகள் தலையசைத்தாள். கண்ணில் நீர் வந்தது, வர வேண்டிய இடத்தில் வந்தது. இசை ஏறியது. சதோமிக்கு ஒன்றுமே ஆகவில்லை. ஒன்றுமே. மறுபடி உள்ளே தேடிப் பார்த்தாள். ஒன்றரை மணி நேரமாக முன்வரிசையில் உறிஞ்சிக்கொண்டே இருந்த அந்த மகரந்தக்காரர்கூட இந்த இடத்தில் உறிஞ்சவில்லை. கிழவர் போய்விட்டார், அதுதான் அவளுக்குத் தெரிந்தது. காலுறையை மோந்து பார்த்தவர், படம் முழுக்க வாழ்ந்துகொண்டிருந்தவர், வாயைத் திறந்ததும் எழுந்து போய்விட்டார். அங்கே ஒரு போஸ்டர் நின்று பேசியது. என் போஸ்டர். அலையாவது கரையாவது, எந்த அப்பன் மகளிடம் இப்படிப் பேசியிருக்கிறான்? வெந்நீரில் கழுத்துவரை முங்கி எடுத்த வாக்கியம், அழகாக இருந்தது, செத்துப்போயிருந்தது. நான் எழுதினது எது என்று கேட்டீர்களே அப்பா, இதுதான், இதோ நீல நிறத்தில், கடலுக்கு மேலே.

கப்பல் நகர்ந்தது. இன்னும் சில நிமிஷம் படம், அப்புறம் பெயர்கள் ஏறும், அப்புறம் விளக்கு. சொல்லலாம். யாரிடம்? முகாயிடம், நடு வரிசையில் தெரிகிற அந்தப் பின்னந்தலைதான் இயக்குநர், முப்பத்தைந்து வயது, கெட்டவன் இல்லை, ஆனால் களைத்தவன். ஒலிக்கலவை முடிந்துவிட்டது. போஸ்டர் ஒட்டியாகிவிட்டது. குஜிராய் அவளுக்கு நேர் முன்னால் உட்கார்ந்திருந்தார், அவர் தோளில் திருப்தி தெரிந்தது. அடுத்த படத்துக்கு யார் கூப்பிடுவார்கள்? வேகமானவள், சுத்தமானவள், முகம் சுளிக்காதவள், பூஜ்ஜியப் பிரதியில் எழுந்து நின்று தன் வசனத்தைத் தானே தூக்கச் சொன்னவள். இந்த ஊரில் ஒரு வாரத்துக்குள் எல்லோருக்கும் தெரிந்துவிடும். வேண்டாம். நன்றாகத்தான் இருக்கிறது, யாருக்கும் தெரியாது, அழப்போகிறவர்கள் அழத்தான் போகிறார்கள், மேயில் வெளியானால் பூக்கள் அனுப்புவார்கள். அப்பா யொனாகோவில் போய்ப் பார்ப்பார். பார்த்துவிட்டு, சதோமி, உன் பேர் இடது பக்கம் வந்தது என்பார். அந்த வசனம் நல்லா இருந்தது என்றும் சொல்வாரோ? சொன்னால்? அதைத்தான் தாங்க முடியாது. அவர் அதை நல்லா இருந்தது என்று சொல்லிவிட்டால் அதைத்தான் தாங்க முடியாது. மனதுக்குள் வாக்கியத்தைக் கட்டிப் பார்த்தாள். முகாய்-சான், ஒரு சின்ன விஷயம். இல்லை, சின்ன விஷயம் என்று சொன்னால் சின்ன விஷயமாகப் போய்விடும். முகாய்-சான், மன்னிக்கணும். எதற்கு மன்னிப்பு? முகாய்-சான், அந்த முதல் டேக் இருக்கா? அவ்வளவுதான், ஐந்தாறு சொல், ஒரு வாரம் டப்பாவில் இருந்தவளுக்கு இது வராதா. எழுந்து நிற்க வேண்டும், முதலில் ஷூ. கால் இருட்டில் துழாவியது. வலது ஷூ கிடைத்தது. இடது இல்லை. விரலை நீட்டினாள், கம்பளம், நாற்காலிக் கால், வெறும் கம்பளம். சரிவான தரை, முன்னால் வழுக்கிப் போயிருக்க வேண்டும், குஜிராயின் நாற்காலிக்கு அடியில். பெயர்கள் ஏறத் தொடங்கின. ஷூ கிடைத்தால் எழுந்து சொல்வேன், கிடைக்கவில்லை என்றால் அது ஒரு சகுனம் என்று கோழைத்தனமாகப் பேரம் பேசினாள். கிடைக்கவில்லை. விளக்கு வந்துவிட்டது.

பூஜ்ஜியப் பிரதி முடிந்தால் யாரும் கைதட்டுவதில்லை. இயக்குநர் பேசும்வரை யாரும் பேசுவதும் இல்லை. முகாய் எழுந்து, திரும்பி, எல்லோருக்கும் குனிந்தார். "எல்லாருக்கும் ரொம்ப நன்றி. ஏதாவது இருந்தா சொல்லுங்க." ஒளிப்பதிவாளர் நடுவில் ஒரு இரவுக் காட்சி பச்சையடிக்கிறது என்றார். ஒலிக்காரர் கடற்பறவை ஒன்று அதிகம் என்றார். குஜிராய் கையைத் தேய்த்துக்கொண்டு, "கடைசி வசனம் பிரமாதம், வேற ஒண்ணும் சொல்றதுக்கில்ல" என்றார். அப்புறம் எல்லோரும் மேல்கோட்டுக்குக் கை நீட்டினார்கள், அப்போதுதான் சதோமி தான் எழுந்து நிற்பதைக் கவனித்தாள். ஒரு காலில் ஷூ, ஒரு காலில் வெறும் காலுறை, அதனால் உடம்பு ஒரு பக்கமாகச் சாய்ந்திருந்தது. "முகாய்-சான்" என்றாள். குரல் கீச்சென்று வந்தது. "கப்பல்துறையில முதல் டேக், தப்பா சொன்னாரே ததோகொரோ-சான், அது இருக்கா?"

"இருக்கு. என்ஜி ஆச்சே அது, வீணாப்போன டேக்." முகாய் சிரித்தார், அவள் சிரிக்காததைப் பார்த்து நிறுத்தினார்.

"அதை ஒரு தடவை பார்க்கணும். முடிஞ்சா அதையே வைக்கணும். அந்த அலை, கரை, அதை எடுத்துடுங்க."

குஜிராய் திரும்பினார். "மினேகிஷி-சான், அது போஸ்டர்ல இருக்கு!"

"போஸ்டர்ல இருக்கட்டும், குஜிராய்-சான். அதுக்குத்தான் அது லாயக்கு. படத்துல வேண்டாம். அது பொய். நான்தான் எழுதினேன், அதனால எனக்குத் தெரியும்." ஷூ இல்லாத காலைப் பின்னால் இழுத்துக்கொண்டாள். "அப்புறம், மன்னிக்கணும், உங்க நாற்காலிக்கு அடியில என் ஷூ இருக்கு." முன்வரிசையில் அந்த மகரந்தக்காரர் பலமாகத் தும்மினார். குஜிராய் குனிந்து எடுத்துக் கொடுத்தார், வேறு என்ன செய்வது என்று தெரியாமல், இரண்டு கையாலும்.

எடிட்டிங் அறை இரண்டு மாடி மேலே. நான்கு பேர்தான் உள்ளே நிற்க முடியும். எடிட்டர் தேடி எடுத்தார். சின்னத் திரையில் அதே சாம்பல் காலை, அதே தூறல். கிழவர் மகளைப் பார்த்தார், பிறகு பார்வை இறங்கியது, எங்கே இறங்குகிறது என்று சதோமிக்குத் தெரியும். "ஷூ நனைஞ்சா டிரையர்ல போடாதே. உள்ளே பேப்பர் திணிச்சு வை." வேறு யாருக்கும் சொல்லாத, எங்கேயும் ஒட்டாத, அந்தப் பெண்ணுக்கு மட்டும் சொன்ன குரல். அப்புறம்தான் அது நடந்தது. சிரித்தவர்கள் யாரும் அன்று அதைக் கவனித்திருக்க முடியாது. மகளாக நடித்த ரின்கா வேறு வசனத்துக்குக் காத்திருந்தவள், தயாராக வைத்திருந்த கண்ணீரை மறந்துவிட்டாள். திகைத்து, குனிந்து, தன் ஷூவைப் பார்த்தாள். நிஜமாகவே நனைந்திருந்தது அது. நிமிர்ந்தபோது அவள் முகம் சின்னப் பிள்ளையின் முகமாக இருந்தது. உதடு கோணியது, சிரிப்பா அழுகையா என்று அவளுக்கே தெரியவில்லை. அதற்குப் பிறகு பின்னாலிருந்து சிரிப்பொலி, முகாயின் கட். சதோமிக்குக் கண் நிறைந்து வழிந்தது. மகரந்தம் இல்லை, அவளுக்கு அந்தத் தொந்தரவே கிடையாது.

"சிரிப்புக்கு முன்னால எவ்வளவு இருக்கு?" என்று முகாய் கேட்டார். போதுமானது இருக்கிறது என்றார் எடிட்டர். முகாய் தலையைச் சொறிந்துகொண்டார். கலவையை மறுபடி திறக்க வேண்டும், இசையை அந்த இடத்தில் எடுத்துவிட வேண்டும், ததோகொரோ-சானிடம் நானே போய்ச் சொல்கிறேன் என்று தனக்குத்தானே பேசிக்கொண்டார். வாசலில் நின்ற குஜிராய் பெருமூச்சு விட்டு, போஸ்டரை மாற்றமாட்டேன் என்று மட்டும் சொல்லிவிட்டுப் போனார். மேயில் அப்பா பார்க்கும்போது என்ன ஆகும்? அந்த இடம் வரும்போது இருட்டில் அவர் வலது கால் தரையை அழுத்துமா? முன்கூட்டிச் சொல்லக் கூடாது என்று நினைத்தாள். இந்தத் தடவை எது என்று அவரே கண்டுபிடிக்கட்டும்.

"எங்கேருந்து வந்துது இந்த வசனம் உங்களுக்கு?" முகாய் திரையிலிருந்து கண்ணை எடுக்காமல் கேட்டார்.

"எனக்கு வரலை. எங்க அப்பா சொன்னது. யொனாகோ ஸ்டேஷன்ல."

"அப்போ அவர் பேரையும் சேர்த்துப் போடணும்." பாதி விளையாட்டாகத்தான் சொன்னார்.

சதோமி கண்ணைத் துடைத்துக்கொண்டாள். "தேவையில்ல. மினேகிஷி அவரோட குடும்பப் பேர். சதோமி அவர் வச்ச பேர். ரெண்டும் ஏற்கெனவே இருக்கு."

எடிட்டர் மறுபடியும் ஓட்டினார். ரின்கா மறுபடியும் குனிந்து தன் ஷூவைப் பார்த்தாள்.